தந்தை ஓட்டிய சாலை: நரேன் கார்த்திகேயனும் தமிழ்நாட்டுக் கார்ப் பந்தயக் குடும்பங்களும்

ஃபார்முலா ஒன் கார்ப் பந்தயத்தில் களமிறங்கிய முதல் இந்தியர் நரேன் கார்த்திகேயன். 1977 ஜனவரி 14 அன்று, கோயம்புத்தூரைச் சேர்ந்த குடும்பத்தில் பிறந்தார். இவருடைய தந்தை ஜி. ஆர். கார்த்திகேயன் இந்தியாவின் தேசிய ராலி வாகையராக இருந்தவர். தென்னிந்திய ராலியில் ஏழு முறை முதலிடம் பெற்றவர். ஃபார்முலா ஒன்னில் ஓட்டிய இரண்டாவது இந்தியரான சென்னையின் கருண் சந்தோக்கும் பந்தயக் குடும்பத்தில் பிறந்தவரே. இதுவரை ஃபார்முலா ஒன் பந்தயங்களில் ஓட்டிய இந்தியர்கள் இவ்விருவர் மட்டுமே. இருவரும் தமிழ்நாட்டைச் சேர்ந்தவர்கள், இருவரும் பந்தய ஓட்டுநர்களின் பிள்ளைகள் என்பது தற்செயலாக நேர்ந்ததா, அதற்குக் காரணங்கள் உண்டா என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

ஒரு மாணவனின் கேள்வி

2005ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில், கம்பம் பள்ளத்தாக்கில் ஒரு பள்ளியில் எட்டாம் வகுப்புக்கு வரலாறு நடத்திக் கொண்டிருந்தேன். நரேன் ஆஸ்திரேலியாவில் முதல் பந்தயத்தை ஓட்டி முடித்த செய்தி நாளிதழில் வந்திருந்தது. அதை வகுப்பில் படித்துக் காட்டினேன். பின்வரிசை மாணவன் ஒருவன் எழுந்து, "சார், அவங்க அப்பாவும் பந்தயக்காரர்னு போட்டிருக்கே. அதனாலதானே அவரால முடிஞ்சது?" என்றான். அவனுடைய தந்தை ஏலத்தோட்டத்துக்கு ஆள் ஏற்றிச் செல்லும் ஜீப் ஓட்டுநர். விடியுமுன் புறப்பட்டு மலையேறி, பொழுது சாயும்போது இறங்குகிறவர். அன்று, "உழைப்புதான் காரணம், உட்கார்" என்று சொல்லிவிட்டேன். அந்தப் பதில் முழுமையானதல்ல என்பது அப்போதே தெரியும். ஓய்வுபெற்ற பின்பு இந்த வரலாற்றைத் தேடிப் படித்ததற்கு அந்தக் கேள்வியே காரணம்.

தேனி மாவட்டத்தில் வண்டி ஓட்டுவது குடும்பத் தொழிலாகவும் குடும்பப் பெருமையாகவும் நெடுங்காலமாக இருந்து வருகிறது. போடிமெட்டு, குமுளி மலைச்சாலைகளின் கொண்டை ஊசி வளைவுகளில் ஜீப்பை ஏற்றி இறக்கும் பக்குவத்தை மகன் தந்தையிடமிருந்தே கற்கிறான். மாட்டுவண்டிப் பந்தயத்திலும் இதே நிலைதான். தேன்சிட்டு, தட்டான்சிட்டு, பூஞ்சிட்டு, நடுமாடு, பெரியமாடு என்று பிரித்து நடக்கும் பந்தயங்களில், எந்த வீட்டு மாடு, யார் சாரதி என்று ஊரே கேட்கும். "இன்னார் மகன்" என்ற சொல் வண்டி எல்லைக்கோட்டைத் தாண்டுமுன்பே எதிர்பார்ப்பை ஏற்றிவிடும். ஆகவே கோவையில் நடந்ததைப் புரிந்துகொள்வது இந்தப் பகுதியினருக்குக் கடினமல்ல.

தமிழ்நாட்டில் கார்ப் பந்தயம் வேரூன்றிய விதம்

இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் சென்னைக்கு வடக்கே சோழவரத்தில் ஒரு விமான ஓடுதளம் அமைக்கப்பட்டது. போர் முடிந்தபின் பயனற்றுக் கிடந்த அந்தத் தளத்தில் கார், மோட்டார் சைக்கிள் பந்தயங்கள் நடக்கத் தொடங்கின. 1953இல் மெட்ராஸ் மோட்டார் ஸ்போர்ட்ஸ் கிளப் தோன்றியபின் அவை ஒழுங்கு பெற்றன. பல பத்தாண்டுகள் சோழவரமே இந்தியாவின் முதன்மையான பந்தயக் களம். பின்னர் ஸ்ரீபெரும்புதூருக்கு அருகே இருங்காட்டுக்கோட்டையில், பந்தயத்துக்கென்றே கட்டப்பட்ட நிலையான ஓடுதளம் 1990இல் பயன்பாட்டுக்கு வந்தது.

சென்னையில் களம் இருந்தது. கோவையில் பட்டறை இருந்தது. நூற்பாலைகள், பம்ப்செட் தொழிற்சாலைகள், வார்ப்படச் சாலைகள் என்று வளர்ந்த அந்நகரில் கடைசல் இயந்திரமும் அதை இயக்கத் தெரிந்த கையும் தெருவுக்குத் தெரு கிடைத்தன. வெளிநாட்டுப் பந்தயக் கார்களை இறக்குமதி செய்வது எளிதாக இல்லாத காலத்தில், உள்ளூரிலேயே வண்டியைப் பிரித்து, எடை குறைத்து, எஞ்சினைத் திருத்திப் பந்தயத்துக்குத் தயார் செய்யக் கோவையால் முடிந்தது.

இந்தச் சூழலில் எழுந்தவர் எஸ். கரிவரதன். லட்சுமி மில்ஸ் குடும்பத்தைச் சேர்ந்த இவர் 1954இல் பிறந்தார். தாமே பந்தய ஓட்டுநர். அதைவிட முக்கியமாக, பந்தயக் கார் வடிவமைப்பாளர். மாருதி 800 காரின் எஞ்சினைப் பொருத்தி, ஒருவர் மட்டும் அமரும் திறந்த சக்கரப் பந்தயக் காரை உருவாக்கினார். 'ஃபார்முலா மாருதி' என்று பெயர் பெற்ற இந்தக் கார், இந்திய இளைஞர்கள் ஓரளவு குறைந்த செலவில் உண்மையான பந்தயக் காரில் பழகும் வாய்ப்பைத் தந்தது. நரேன் உள்ளிட்ட பலருக்கு இவர் வழிகாட்டியாக இருந்தார். 1995இல் விமான விபத்தில் இறந்தார். கோவைக்கு அருகே செட்டிபாளையத்தில் உள்ள கரி மோட்டார் ஸ்பீட்வே இவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.

தந்தையின் விளையாட்டும் மகனின் விளையாட்டும்

ராலி என்பது ஓடுதளத்தில் நடக்கும் பந்தயத்திலிருந்து வேறானது. சாதாரணச் சாலைகளிலும் காட்டுப் பாதைகளிலும் ஒவ்வொரு காராக இடைவெளி விட்டு அனுப்புவார்கள். ஓட்டுநருக்குப் பக்கத்தில் வழிகாட்டி அமர்ந்து, வரும் வளைவுகளைப் படித்துச் சொல்வார். எதிராளி கண்ணுக்குத் தெரியமாட்டார்; கடிகாரத்தோடுதான் போட்டி. மண்ணும் சேறும் பள்ளமும் நிறைந்த பாதையில் வண்டி உடையாமல் கொண்டுவந்து சேர்ப்பதே பாதி வெற்றி. ஜி. ஆர். கார்த்திகேயன் பெயரெடுத்தது இந்த விளையாட்டில்.

ஃபார்முலா பந்தயத்தில் எல்லாக் கார்களும் ஒன்றாகப் புறப்படும். வழுவழுப்பான தார்த் தளத்தில், ஒரு வளைவில் எத்தனை அடி தள்ளி பிரேக் மிதிப்பது என்பதிலேயே வெற்றி தோல்வி தீர்மானமாகும். எனவே தந்தையின் திறமையை மகன் அப்படியே எடுத்துக்கொண்டார் என்று சொல்ல இயலாது. அவருக்கு வீட்டில் கிடைத்தவை வேறு. பந்தயம் என்பது வாழ்நாள் தொழிலாகக் கொள்ளத்தக்கது என்ற எண்ணம் முதலாவது. "இது நமக்கெதற்கு?" என்று கேட்காத பெற்றோர் இரண்டாவது. யாரை அணுக வேண்டும், எங்கே பயில வேண்டும் என்ற விவரம் மூன்றாவது. வெளிநாடு அனுப்பும் பண வசதி நான்காவது.

ஸ்ரீபெரும்புதூரில் ஓட்டிய முதல் ஃபார்முலா மாருதி பந்தயத்திலேயே நரேன் முதல் மூவருள் ஒருவராக வந்தார். 1992இல் பிரான்சின் எல்ஃப் வின்ஃபீல்ட் பந்தயப் பள்ளியில் பயின்று, அங்கு நடந்த தேர்வுப் போட்டியில் அரையிறுதி வரை சென்றார். பதினைந்து வயதில் மொழி தெரியாத நாட்டில் சென்று பயில்வது எத்தனை குடும்பங்களுக்கு இயலும் என்பதையும் இங்கே நினைவில் கொள்ள வேண்டும்.

ஐரோப்பாவில் பன்னிரண்டு ஆண்டுகள்

தந்தையின் பெயருக்கு இந்தியாவில் மதிப்பு இருந்தது. இங்கிலாந்தில் அதை யாரும் அறியார். 1993இல் நரேன் அங்கு ஃபார்முலா வாக்ஸால் ஜூனியர் பந்தயங்களில் ஓட்டினார். 1994இல் பிரிட்டிஷ் ஃபார்முலா ஃபோர்டு குளிர்காலத் தொடரை வென்று, ஐரோப்பாவில் ஒரு தொடர்ப் பட்டம் வென்ற முதல் இந்தியர் ஆனார். 1996இல் ஃபார்முலா ஏசியா பட்டத்தை வென்றார். அப்பட்டத்தை வென்ற முதல் இந்தியர் அவரே.

1998 முதல் 2000 வரை பிரிட்டிஷ் ஃபார்முலா த்ரீ. 1999இல் பிராண்ட்ஸ் ஹாட்ச் தளத்தில் இரண்டு வெற்றிகள். 2000இல் தொடரில் நான்காம் இடம்; அதே ஆண்டில் தென்கொரியாவில் நடந்த கொரியா சூப்பர் பிரிக்சிலும் வெற்றி. 2001 ஜூன் 14 அன்று இங்கிலாந்தின் சில்வர்ஸ்டோன் தளத்தில் ஜாகுவார் அணியின் காரைச் சோதனை ஓட்டமாக ஓட்டி, ஃபார்முலா ஒன் காரை ஓட்டிய முதல் இந்தியர் என்ற பெயரைப் பெற்றார்.

சோதனை ஓட்டம் வேறு, இருக்கை கிடைப்பது வேறு. சிறிய அணிகள் ஓட்டுநரின் திறமையோடு அவர் கொண்டுவரும் விளம்பரப் பணத்தையும் பார்க்கும். 2004 பருவத்துக்கு மினார்டி அணியில் இடம் கிடைக்கும் நிலை வந்தும், தேவையான விளம்பரத் தொகை திரளாததால் அது கைநழுவிப் போயிற்று. குடும்பச் செல்வம் ஃபார்முலா த்ரீ வரை கொண்டுபோகலாம். அதற்கு மேல் அதுவும் போதாது என்பதை இது காட்டுகிறது. 2005 பிப்ரவரி 1 அன்று ஜோர்டான் அணியில் அவருக்கு இடம் உறுதியானது. டாடா குழுமம் துணை நின்றது. முயற்சி தொடங்கி ஏறத்தாழப் பன்னிரண்டு ஆண்டுகள் கழிந்திருந்தன. அவருக்கு அப்போது வயது 28.

மெல்போர்ன், இண்டியானாபோலிஸ், நொய்டா

2005 மார்ச் 6 அன்று மெல்போர்னில் முதல் பந்தயம். தகுதிச் சுற்றில் பன்னிரண்டாம் இடம் பெற்ற நரேன், பந்தயத்தைப் பதினைந்தாவதாக முடித்தார். அணியின் கார் அந்த ஆண்டின் மெதுவான கார்களுள் ஒன்று.

அதே ஆண்டு ஜூன் 19 அன்று அமெரிக்காவின் இண்டியானாபோலிசில் நடந்தது ஃபார்முலா ஒன் வரலாற்றிலேயே விசித்திரமான பந்தயங்களுள் ஒன்று. அத்தளத்தின் சாய்வான வளைவின் அழுத்தத்தை மிஷெலின் நிறுவனத்தின் டயர்கள் தாங்காது என்பது பயிற்சியின்போது தெரியவந்தது. தளத்தில் மாற்றம் செய்வது பற்றிய பேச்சு உடன்பாட்டில் முடியவில்லை. பந்தய நாளில் இருபது கார்களும் அணிவகுப்புச் சுற்றுக்குச் சென்றன. சுற்று முடிவில் மிஷெலின் டயர் பூட்டிய பதினான்கு கார்கள் ஒதுங்கி உள்ளே திரும்பிவிட்டன. பிரிட்ஜ்ஸ்டோன் டயர் பூட்டிய ஆறு கார்களே பந்தயம் ஓட்டின. மைக்கேல் ஷூமாக்கர் முதலிடம், ரூபன்ஸ் பாரிக்கெல்லோ இரண்டாமிடம், நரேனின் அணித்தோழர் டியாகோ மான்டெய்ரோ மூன்றாமிடம், நரேன் நான்காமிடம். இதனால் கிடைத்த ஐந்து புள்ளிகளே ஃபார்முலா ஒன்னில் ஓர் இந்தியர் பெற்ற முதல் புள்ளிகள். இதுவரை கிடைத்த மொத்தப் புள்ளிகளும் அவையே.

இதைச் சிலர் பெருஞ்சாதனை என்பர். சிலர் ஆறு பேரில் நான்காவதுதானே என்று தள்ளிவிடுவர். இரண்டும் முழு உண்மையல்ல. முன்னணி அணிகள் ஓடியிருந்தால் அந்த இடம் கிடைத்திருக்காது. ஆனால் அன்று மற்றவர்கள் ஒதுங்கியதற்கு அவர் பொறுப்பல்லர்; மினார்டி அணியின் இரு கார்களையும் பின்னே வைத்து, வண்டியைச் சேதமின்றிக் கொண்டுவந்து சேர்த்தார். வண்டியைச் சேதமின்றிக் கொண்டுவந்து சேர்ப்பது ராலிக்காரர் வீட்டுப் பாடமும் ஆகும்.

2006, 2007ஆம் ஆண்டுகளில் வில்லியம்ஸ் அணியின் சோதனை ஓட்டுநராகப் பணியாற்றினார். 2007 டிசம்பரில் சீனாவின் ஜுஹாய் நகரில், நாடுகளுக்கு இடையிலான ஏ1 கிராண்ட் பிரி தொடரில் இந்திய அணிக்கு முதல் வெற்றியைத் தேடித் தந்தார். 2010இல் இந்திய அரசு பத்மஸ்ரீ விருது வழங்கியது. 2011இல் எச்.ஆர்.டி. அணி மூலம் மீண்டும் ஃபார்முலா ஒன்னுக்கு வந்தார். பருவத்தின் நடுவே அந்த இருக்கை இளைஞர் டேனியல் ரிக்கியார்டோவுக்குப் போனது. எனினும் 2011 அக்டோபர் 30 அன்று கிரேட்டர் நொய்டாவின் புத்தா தளத்தில் முதல் இந்தியன் கிராண்ட் பிரி நடந்தபோது, சொந்த மண்ணில் ஓட்டிய ஒரே இந்தியராக நரேன் களத்தில் இருந்தார். பதினேழாவதாக முடித்தார். 2012 முடிவில் அந்த அணியே கலைந்தது. மொத்தம் 46 ஃபார்முலா ஒன் பந்தயங்கள். அதன்பின் ஜப்பானில் சூப்பர் ஃபார்முலா, சூப்பர் ஜிடி தொடர்களில் 2019 வரை ஓட்டினார்.

கருண் சந்தோக்கும் பிறரும்

கருண் சந்தோக் 1984இல் சென்னையில் பிறந்தார். தாத்தா இந்து சந்தோக் இந்திய மோட்டார் பந்தய அமைப்புகளின் முன்னோடிகளுள் ஒருவர். தந்தை விக்கி சந்தோக் பந்தய, ராலி ஓட்டுநர். இந்திய மோட்டார் விளையாட்டுக் கூட்டமைப்பின் தலைவராகவும் இருந்தவர். ஃபார்முலா ஒன்னுக்கு அடுத்த படியான ஜிபி2 தொடரில் 2007இல் பெல்ஜியத்திலும் 2008இல் ஜெர்மனியிலும் வென்ற கருண், 2010இல் பஹ்ரைனில் ஃபார்முலா ஒன்னில் அறிமுகமானார். பதினொரு பந்தயங்களோடு அப்பயணம் முடிந்தது. இன்று அவர் அவ்விளையாட்டின் நுணுக்கங்களை விளக்கும் தொலைக்காட்சி வருணனையாளராக உலகெங்கும் அறியப்படுகிறார். மூன்று தலைமுறைப் பந்தய அறிவு, ஓட்டுவதில் மட்டுமன்றி எடுத்துச் சொல்வதிலும் பயன்படுகிறது.

சென்னையின் அலிஷா அப்துல்லா, மோட்டார் சைக்கிள் பந்தய வீரர் ஆர். ஏ. அப்துல்லாவின் மகள். ஆண்களே நிறைந்திருந்த களத்தில் அவர் பைக்கிலும் காரிலும் பந்தயம் ஓட்டினார். மகனுக்கு மட்டுமே உரியதாகக் கருதப்பட்டதை மகளிடம் ஒரு தந்தை கொடுத்தார் என்பது இங்கே குறிப்பிடத்தக்கது.

மாறான எடுத்துக்காட்டும் உண்டு. நடிகர் அஜித் குமாருக்குப் பந்தயப் பின்னணி கொண்ட பெற்றோர் இல்லை. திரைப்படத்தில் தாமே ஈட்டிய பணத்தையும் பெயரையும் கொண்டு 2003இல் ஃபார்முலா பிஎம்டபிள்யூ ஏசியா, 2010இல் ஐரோப்பிய ஃபார்முலா டூ என்று ஓட்டினார். அவர் வழியைத் தாமே அமைத்தார். ஆனால் அதற்குள் முப்பது வயது கடந்திருந்தது. குடும்பத்தில் பிறந்தவருக்குப் பதினைந்தில் கிடைத்தது, மற்றவருக்கு முப்பதில்தான் கிடைத்தது.

உலக அரங்கில் தந்தையும் பிள்ளையும்

வெளிநாடுகளிலும் இந்த உறவு பல வடிவங்களில் நிகழ்ந்துள்ளது. இங்கிலாந்தின் கிரஹாம் ஹில் 1962, 1968 ஆண்டுகளில் உலக வாகையர். 1975இல் விமான விபத்தில் அவர் இறந்தபோது மகன் டேமனுக்கு வயது 15. அவ்விபத்தை ஒட்டிய வழக்குகளால் குடும்பத்தின் செல்வம் கரைந்தது. டேமன் மோட்டார் சைக்கிளில் தபால் சேர்க்கும் வேலை பார்த்துப் பந்தயத்துக்குப் பணம் சேர்த்தார். 1996இல் உலக வாகையர் ஆனார். கனடாவின் ஜில் வில்னவ் 1982இல் பந்தயக் கள விபத்தில் உயிரிழந்தார். அப்போது பதினொரு வயதான மகன் ஜாக், 1997இல் தந்தைக்குக் கிட்டாத உலகப் பட்டத்தை வென்றார். ஒரு பந்தயத்திலும் வெல்லாத ஜோஸ் வெர்ஸ்டாப்பனின் மகன் மேக்ஸ் 2021 முதல் 2024 வரை தொடர்ந்து நான்கு பட்டங்களை வென்றார்.

ஏழு பட்டங்கள் வென்ற மைக்கேல் ஷூமாக்கரின் மகன் மிக், சிறுவயதுக் கார்ட் பந்தயங்களில் தாயின் குடும்பப் பெயரைப் போட்டுக்கொண்டு ஓட்டினார். தந்தையின் பெயரை மறைத்தால்தான் நிம்மதியாக ஓட்ட முடியும் என்ற நிலை. ஃபார்முலா ஒன்னில் அவர் 2021, 2022 என்று இரு பருவங்களே நீடித்தார்.

நம் வழக்கத்தில் இது இயலாது. தமிழர் பெயரில் தந்தை எப்போதும் உடன் இருப்பார், தலைப்பெழுத்தாகவோ பின்பெயராகவோ. நம் பள்ளி வருகைப் பதிவேட்டில் எழுதியிருந்தால் 'கா. நரேன்' என்றுதான் இருந்திருக்கும். உலகத் தொலைக்காட்சிகள் குடும்பப் பெயர் என்று நினைத்துக் 'கார்த்திகேயன், கார்த்திகேயன்' என்று 46 பந்தயங்களில் அழைத்தன. ஓட்டியவர் மகன்; ஒலித்தது தந்தையின் பெயர். தென்னிந்தியாவின் மண்சாலைகளில் ஏழு முறை வென்ற ஒருவருக்கு இதைவிடப் பெரிய மரியாதை கிடைத்திருக்க முடியாது.

வரலாறு சொல்வது

அந்த மாணவனின் கேள்விக்கு இப்போது இப்படிப் பதில் சொல்வேன். ஆம், தந்தையால்தான் வாசல் திறந்தது. சோழவரம் இருந்ததால், கோவைப் பட்டறைகள் இருந்ததால், கரிவரதன் கார் செய்து தந்ததால், வீட்டில் வசதி இருந்ததால் அந்த வாசலை அடைய முடிந்தது. ஆனால் இந்தியாவில் வசதியும் பந்தயப் பெயரும் உள்ள குடும்பங்கள் பல இருந்தும் இருவரே அவ்வளவு தூரம் சென்றனர். சில்வர்ஸ்டோனில் கடிகாரம் யாருடைய தந்தையையும் கேட்பதில்லை. இரண்டில் ஒன்றை மட்டும் சொல்வது வரலாறு ஆகாது.

இதிலிருந்து எழும் மற்றொரு கேள்விக்கு இன்னும் விடை இல்லை. போடிமெட்டு மலைச்சாலையில் மழையிலும் மூடுபனியிலும் ஜீப் ஓட்டப் பழகிய பிள்ளைகளுள், வாசல் திறந்திருந்தால் வென்றிருக்கக் கூடியவர் எத்தனை பேர்? தேனி மாவட்டத்தில் பந்தயத் தளம் இல்லை. கோவைக்கோ சென்னைக்கோ சென்று பயிலும் செலவு ஓட்டுநர் வருமானத்துக்கு எட்டாதது. ஓட்டப்பந்தயத்துக்குத் திடலும் ஒரு நல்ல உடற்கல்வி ஆசிரியரும் போதும். கார்ப் பந்தயத்துக்கு அது போதாது. பந்தயக் குடும்பங்கள் தம் பிள்ளைகளுக்குச் செய்ததைப் பிறர் பிள்ளைகளுக்குப் பயிற்சி நிலையங்களும் உதவித்தொகைகளும் செய்ய வேண்டும்.

அந்த மாணவன் இன்று தந்தையின் வழியிலேயே ஜீப் ஓட்டுகிறான். சென்ற ஆண்டு ஒரு நாள் மலையிலிருந்து இறங்குகையில் அவனுடைய வண்டியில்தான் வந்தேன். ஒரு வளைவில்கூட உடம்பு குலுங்கவில்லை. இறங்கும்போது அதைச் சொன்னேன். "எங்கப்பா சொல்லிக் கொடுத்தது சார்" என்றான்.